நாலாம் படிச் சிரிப்பு

எண் 31, ஆரஞ்சுத் தோப்பு சக்கர வீட்டுக் குடியிருப்பு,
சான் ஜெரோம் பள்ளத்தாக்கு, கலிஃபோர்னியா.
மார்ச் 11, 1986

பெருமதிப்பிற்குரிய மைத்துனர் திரு. மெர்ல் ஹஸ்கின்ஸ் அவர்களுக்கு,

இங்கே நான் உயிரோடு இருக்கிறேன். அங்கே தங்கள் இடுப்பு வலியும், தங்கள் மனைவி ஓப்பலின் ரத்த அழுத்தமும், நாயின் இடது கண்ணும் தேறியிருக்கும் என்று நம்புகிறேன். தங்கள் படகு எப்படி இருக்கிறது? இதை எழுதிய பிறகுதான் அது ஏழு வருடமாக ஏரிக்கு அடியில் இருப்பது நினைவுக்கு வந்தது. அடித்தால் தாள் அசிங்கமாகிவிடும் என்று அப்படியே விட்டிருக்கிறேன். பெரிய மனது பண்ணிப் பொறுத்துக்கொள்ளவும்.

என் மனைவியும் தங்கள் தங்கையுமான வெர்னா தங்கள் வீட்டுக்கு வந்து இன்றோடு பத்தொன்பது நாள். போன் செய்தால் தாங்கள்தான் எடுக்கிறீர்கள். "அவ தூங்குறா" என்கிறீர்கள். காலை பதினொரு மணிக்கும் தூங்குகிறாள், மாலை ஐந்துக்கும் தூங்குகிறாள். நாற்பத்தொரு வருடத்தில் அவள் பகலில் கண்ணயர்ந்து நான் பார்த்ததில்லை. ஆகையால் எழுதுகிறேன். அவள் தரப்பைக் கேட்டிருப்பீர்கள். என் தரப்பையும் பொறுமையாகப் படித்துவிட்டு, அவளிடம் இரண்டு நல்ல வார்த்தை சொல்லி, பேக்கர்ஸ்ஃபீல்டிலிருந்து பஸ் ஏற்றி அனுப்பிவைக்க வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன். எனக்கு வேண்டியது அவ்வளவுதான். அவள் இல்லாத வீட்டில் கடிகாரச் சத்தம் தாங்க முடியவில்லை.

வெர்னா போன வருடம் முதுகுவலிக்கு நல்லது என்று பக்கத்து வீட்டுக்காரி சொல்லி ஒரு சபையில் சேர்ந்தாள் அல்லவா? அந்தச் சபையின் படிப்பு இதுதான். மனிதனுடைய உணர்ச்சிகள் மொத்தம் பன்னிரண்டு படியாம். ஏணி மாதிரி ஒரு படம் போட்டு எங்கள் ஃப்ரிட்ஜ் கதவில் ஒட்டியிருக்கிறாள் (தாங்கள் அன்போடு கொடுத்த அதே ஃப்ரிட்ஜ், அதைப் பற்றிப் பிறகு). அடியிலே முதல் படி, செத்த கட்டை. இரண்டாவது அழுகை, மூன்றாவது பயம், நாலாவது சிரித்துக்கொண்டே கறுவுதல், ஐந்தாவது கோபம். இப்படியே சலிப்பு, நிதானம் எல்லாம் தாண்டிப் போனால் பதினோராவது உற்சாகம், உச்சியில் பேரானந்தம். எதிரே நிற்கிறவன் எந்தப் படியில் நிற்கிறான் என்று முகத்தைப் பார்த்தே கண்டுபிடிக்க வேண்டும். கண்டுபிடித்ததும் அவனைவிட சரியாக ஒரு படி மேலே நின்று பேச வேண்டும். அவன் தானாக ஏறி வருவானாம். இதுதான் விதி.

படிப்பவர்கள் இதை முதலில் பழகிப் பார்ப்பது வீட்டிலிருக்கும் புருஷன் மீது. நவம்பரில் எனக்குக் கடைவாய்ப் பல் வலி வந்தது. கண்ணில் தண்ணீர் வர உட்கார்ந்திருந்தேன். வெர்னா என் முகத்தை உற்றுப் பார்த்தாள். நான் இரண்டில் இருக்கிறேன் என்று முடிவு கட்டி, மூன்றுக்குப் போய், "ஐயோ ஆர்வில், தாடையே போயிடுமோ, என் சித்தப்பாவுக்கு இப்படித்தான் ஆரம்பிச்சுது" என்று நடுங்கினாள். எனக்கும் பயம் வந்துவிட்டது. உடனே அவள் நாலுக்கு ஏறி, ஒரு புன்னகையோடு, "ஆனா அந்த மிட்டாய் டப்பாவ ஒரே ஆளா முடிச்சது பெரிய சாதனைதான்" என்றாள். ஐந்தாம் படிக்கு நான் அவள் உதவியில்லாமலே ஏறிவிட்டேன். நான் சலிப்பை எட்டுவதற்குள் பல் வைத்தியர் கடையைப் பூட்டிவிட்டுப் போய்விட்டார். இருந்தாலும் அவள் முதுகு நேரானது உண்மை, முகமும் தெளிந்தது. அவள் சந்தோஷமாக இருந்தால் எனக்கும் சந்தோஷம்.

இந்தப் படிகளை மாணவர்களுக்குக் காட்ட சபை பாடப் படங்கள் எடுக்கிறது. ஊருக்கு வெளியே பழைய வான்கோழிக் கொட்டகையை வாங்கிப் படப்பிடிப்புக் கூடமாக்கியிருக்கிறார்கள். படம் எடுப்பவர் கான்ராய் என்று ஒருவர், முன்பு சவரச் சோப்பு விளம்பரங்கள் எடுத்தவர். நடிகர்கள் வந்தால் நடித்துவிடுகிறார்களாம். அதனால் சாதாரண ஆட்களின் முகம் வேண்டும் என்று கேட்டிருக்கிறார். வெர்னா எழுந்து நின்று, "எங்க வீட்டுக்காரர் இருக்காரு. மனசுல ஒண்ணு ஓடுனா முகத்துல அச்சடிச்ச மாதிரி தெரியும்" என்று என் பெயரைக் கொடுத்துவிட்டாள். இருபத்தெட்டு வருடம் ஓட்டுநர் தேர்வு அதிகாரியாக இருந்தவனுக்குக் கிடைக்கக்கூடிய பாராட்டு அல்ல அது, ஆனாலும் போனேன்.

அங்கே இன்னும் வான்கோழி வாடை. இறகு பறந்துகொண்டிருந்தது. எல்லோருக்கும் ஒரே வேலைதான் கொடுத்தார்கள்: பதினோராம் படி, உற்சாகம். எனக்கு முன்னால் ஒரு வீட்டுத் தரகர் அம்மாள் நாற்காலியில் உட்கார்ந்து, உற்சாகமாக இருக்கிறேன் என்று ஆரம்பித்து, விம்மி விம்மி அழுதார். கேமராவை நிறுத்தாமல் ஓடவிட்டார்கள். பாவம், எவ்வளவு பிலிம் வீண் என்று நினைத்துக்கொண்டேன். பிறகு என்னைக் கூப்பிட்டார்கள்.

கான்ராய் என் முகத்துக்கு நேரே குனிந்து, "சார், உங்களுக்கு நெருங்குன ஒருத்தர நினைச்சுக்குங்க. அவங்களோட இருந்தப்ப மனசு நெறைஞ்சு போன ஒரு நாள் இருக்கும்ல, அத நினைச்சுக்குங்க. அப்படியே கேமராவப் பாருங்க, போதும்" என்றார்.

நான் வெர்னாவை நினைத்தேன். எங்கள் கல்யாண நாளை நினைத்தேன். இதைப் பைபிள் மேல் கை வைத்துச் சொல்வேன். அந்தப் பைபிளையும் அவள் தங்கள் வீட்டுக்கு எடுத்து வந்துவிட்டாள். நினைத்ததும் முகத்தில் ஒரு சிரிப்பு தானாக வந்தது. கான்ராய் மூச்சுகூட விடாமல் நின்றார். முடிந்ததும் கை தட்டினார்கள். "ஒரே தடவையில இப்படி ஒரு சுத்தமான படி எனக்குக் கிடைச்சதே இல்ல" என்று என் கையைப் பிடித்துக் குலுக்கினார். எனக்குத் தலை கால் புரியவில்லை. வீட்டுக்கு வந்து வெர்னாவிடம் சொன்னேன், தபால்காரரிடம் சொன்னேன், பல்லைப் பிடுங்கிய வைத்தியரிடமும் வாயில் பஞ்சோடு சொன்னேன்.

போன மாதம் படம் வந்தது. செருப்புக் கடைக்குப் பின்னாலிருக்கும் மண்டபத்தில் மாணவர்களுக்கு மட்டும் காட்டினார்கள். மற்றவர்களுக்கு அனுமதி இல்லை என்பதால், முடிந்ததும் எல்லோரும் சாப்பிட உருளைக்கிழங்கு சாலட் ஒரு பெரிய பாத்திரம் நிறையச் செய்து எடுத்துக்கொண்டு, நான் காரில் காத்திருந்தேன். உள்ளே நடந்ததைப் பிறகுதான் கேள்விப்பட்டேன். ஒரு முகத்தைக் காட்டுவார்கள். மாணவர் ஒவ்வொருவரும் தயங்காமல் சரியான படியைச் சொல்லும் வரை அதையே திரும்பத் திரும்ப ஓட்டுவார்கள். இது அங்கே ஆசாரம் மாதிரி. ஒருவர் தவறினாலும் விடமாட்டார்கள். தரகர் அம்மாள் திரையில் அழுதார், எல்லோரும் இரண்டு என்றார்கள். அடுத்து என் முகம். எல்லோரும் ஒரே குரலில், "நாலு" என்றார்கள்.

வெர்னா மட்டும், "பதினொண்ணு" என்றாள்.

திரும்ப ஓட்டினார்கள். "பதினொண்ணு" என்றாள். ஆசிரியை, "புருஷன்னு பாக்காதீங்க. கண்ணப் பாருங்க. வாய் ஒரு பக்கம் போகுது, கண்ணு ஒரு பக்கம் போகுது பாருங்க" என்றாராம். மறுபடி ஓட்டினார்கள். இருபத்தாறு பேர், மெர்ல், பசியோடு உட்கார்ந்திருக்கிறார்கள். என் சிரிப்பு சுவர் அளவுக்கு வந்து வந்து போகிறது. ஓய்வுபெற்ற வங்கிக்காரர் ஒருவர் பொறுக்கமாட்டாமல், "அம்மா, நாலுன்னு சொல்லிடுங்க, வெளிய சாலட் கெட்டுப்போயிட்டு இருக்கு" என்று கெஞ்சியிருக்கிறார். இருபத்தேழாவது தடவை அவள் நாலு என்றாள்.

வெளியே வந்தவள் முன் கதவைத் திறக்கவில்லை. பின் சீட்டில் ஏறி உட்கார்ந்தாள்.

"எப்படி வந்திருக்கேன்?" என்றேன்.

"ரொம்ப நல்லா வந்திருக்க."

"அப்புறம் எதுக்குப் பின்னாடி உக்காந்திருக்க?"

"கண்ணாடியில உன் முகத்தப் பாக்கணும். சிரி."

"இப்பவா? சாலட்ட இறக்கி வச்சுட்டு..."

"சிரி ஆர்வில்."

சிரித்தேன். அவள் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டே இருந்தாள். பிறகு, "வண்டிய எடு" என்றாள்.

வீட்டுக்கு வந்ததும் ஆல்பங்களை எடுத்தாள். தங்கள் கைவண்ணம் எல்லாவற்றையும் சாப்பாட்டு மேசை மேல் பரப்பினாள். குடும்பத்தில் வேறு யாரும் கேமராவைத் தொடத் தாங்கள் விட்டதில்லை என்பதால், எங்கள் வாழ்க்கை முழுவதும் தங்கள் கட்டை விரல் ஓரத்தில் தெரியத்தான் பதிவாகியிருக்கிறது. அதற்கு நாங்கள் என்றும் கடமைப்பட்டிருக்கிறோம். வெர்னா விரலை வைத்து ஒவ்வொன்றாகச் சொன்னாள். "கடற்கரை, நாலு. இருபத்தஞ்சாவது கல்யாண நாள், நாலு. ஃப்ரிட்ஜ் வந்த அன்னிக்கு, நாலு. இங்க பாரு, நம்ம கல்யாணம். நான் உனக்குக் கேக் ஊட்டுறேன். நீ நாலு."

"அது சந்தோஷம் வெர்னா."

"நானும் அப்படித்தான் இருபத்தாறு தடவ சொன்னேன்."

சிரித்துச் சமாளிக்கலாம் என்று பார்த்தேன். அதுதான் நான் செய்த தவறு.

மறுநாள் கொட்டகைக்கே போனேன். "உற்சாகம்னு சொல்லித்தானே எடுத்தீங்க, லேபிள மாத்தி ஒட்டிட்டீங்க" என்று கான்ராயிடம் சண்டை போட்டேன். அவர் நிதானமாக, "சார், எல்லார்கிட்டயும் உற்சாகம்னுதான் சொல்லுவோம். அழுன்னு சொன்னா நடிப்பாங்க. உற்சாகமா இருன்னு சொன்னா, உள்ள எது இருக்கோ அது தானா வெளிய வரும். வந்தத எடுத்து, அதோட படியில போட்டுக்குவோம். இதுதான் எங்க தொழில்முறை" என்றார். படத்தை எடுத்துவிடச் சொன்னேன். முடியாதாம். இருநூறு பிரதி போட்டு ஒன்பது நாட்டுக்கு அனுப்பியாகிவிட்டது. "ஜப்பான்ல உங்களப் பாத்துட்டுக் கடிதம் போட்டிருக்காங்க. நாலாம் படிக்கு உங்கள விட்டா ஆள் இல்ல. நீங்க எங்களுக்குக் கெடைச்ச புதையல் சார்" என்றார்.

ஊரிலும் சபைக்காரர்கள் அதிகமாகிவிட்டார்கள். முடி வெட்டுகிறவர் பின்னால் கண்ணாடி பிடித்து, "சரியா இருக்கா சார்? சிரிக்காம சொல்லுங்க" என்கிறார். தபால் நிலையத்தில் ஓர் அம்மாள் தன் மருமகளை அழைத்து வந்து என்னைக் காட்டிவிட்டுப் போனார். இதையெல்லாம்கூடப் பொறுத்துக்கொள்வேன். ஆனால் கான்ராயிடம் சண்டை போட்டுவிட்டு அன்று வீட்டுக்கு வந்தபோது வெர்னா இல்லை. ஃப்ரிட்ஜில், ஏணிப் படத்துக்குக் கீழே, ஒரு சீட்டு. எழுதியிருந்ததை அப்படியே தருகிறேன்:

"ஆர்வில், நாலாம் படியில் இருப்பவரை மேலே கொண்டுவர ஐந்தாம் படியிலிருந்து கோபமாகப் பேச வேண்டும். இரண்டு நாளாக முயற்சி செய்கிறேன். எனக்கு உன் மேல் கோபம் வரமாட்டேன் என்கிறது, அழுகைதான் வருகிறது. இரண்டில் இருந்துகொண்டு உனக்கு நான் எந்த உதவியும் செய்ய முடியாது. அண்ணன் வீட்டுக்குப் போகிறேன். செவ்வாய்க்கிழமைக்குக் கோழி எடுத்து வைத்திருக்கிறேன்."

மெர்ல், ஃப்ரீசரில் இருக்கும் அந்தக் கோழியை நான் இன்னும் தொடவில்லை. அது இருக்கிற வரை அவள் முழுதாகப் போகவில்லை என்று தோன்றுகிறது.

ஆகவே தாங்கள் அவளுக்கு எடுத்துச் சொல்ல வேண்டும். நான் உள்ளொன்று வைத்துப் புறமொன்று பேசுகிறவன் இல்லை என்பது தங்களைவிட வேறு யாருக்குத் தெரியும்? எங்கள் கல்யாணத்தில் தாங்கள் வாழ்த்துரை என்று எழுந்து, வெர்னாவை முதலில் பெண் கேட்ட பல்பொருள் கடை முதலாளியின் நற்குணங்களை நாற்பது நிமிடம் விவரித்தபோது நான் முகம் சுளித்தேனா? தாங்கள் கொடுத்த ஃப்ரிட்ஜ் பதினாறு வருடமாகச் சமையலறையில் ஒழுகிக்கொண்டிருக்கிறது. பார்த்துப் பார்த்துத் துடைக்கிறேனே தவிர ஒரு வார்த்தை சொல்லியிருப்பேனா? ஓப்பலை ஓட்டுநர் தேர்வில் மூன்று முறை தவறியவர் என்று எழுதியது விதிப்படி. மூன்றாவது முறை அவர் புல்வெளியில் ஏறித் தண்ணீர்க் குழாயை இடித்தார்.

படகு விஷயமும் அப்படித்தான். தங்கள் வண்டி படகோடு சரிவில் உருண்டு ஏரிக்குள் போனபோது நான் சிரித்தேன் என்று ஓப்பல் இன்றும் சொல்லிக்கொண்டு திரிவதாகக் கேள்வி. அவர் ரத்த அழுத்தம் உள்ளவர், எனவே மறுத்துப் பேச மாட்டேன். கைப் பிரேக் போடாததை இருபத்தெட்டு வருட அனுபவசாலி எப்படிக் கவனிக்காமல் போனான் என்று தாங்கள் ஆண்டுதோறும் நவம்பரில் நன்றி நவிலும் நாள் விருந்துகளில் கேட்டு வருகிறீர்கள். அப்போது நான் முதுகைத் திருப்பிக்கொண்டு சாண்ட்விச் பெட்டியில் குனிந்திருந்தேன் என்று ஆறு விருந்தில் சொல்லிவிட்டேன், இப்போது எழுத்திலும் தருகிறேன். எனக்கு யார் மீதும் எந்தக் கறுவலும் கிடையாது. தங்கள் மீது சுத்தமாகக் கிடையாது.

தங்கள் வீட்டுக் கூரை இந்த மழைக்கும் தாங்கட்டும், தோட்டத்துத் தக்காளி போன வருடம் போல் இல்லாமல் இந்த வருடமாவது காய்க்கட்டும், தாங்களும் ஓப்பலும் நாயும் நீண்ட ஆயுளோடு தங்கள் வீட்டிலேயே சௌக்கியமாக இருக்க ஆண்டவனைப் பிரார்த்திக்கிறேன். கேட்டவர்களுக்கெல்லாம் என் அன்பைச் சொல்லவும், கேட்காதவர்களுக்கும் சொல்லவும்.

மனதில் மாசில்லாத,
ஆர்வில் டாக்கெட்

பின்குறிப்பு: கடிதத்தை மடித்து உறையில் போட்டு, ஒட்டப் போகும்போது அடுப்பின் கண்ணாடிக் கதவில் என் முகம் தெரிந்தது. தக்காளியைப் பற்றி எழுதிய முகம் இன்னும் கலையாமல் இருந்தது. மெர்ல், அது நாலுதான். ஜப்பான்காரர்கள் சொன்னது சரி.

மேசையில் வெர்னா விட்டுப்போன படங்கள் அப்படியே கிடக்கின்றன. இப்போது போய் ஒவ்வொன்றாகப் பார்த்தேன். எல்லாவற்றிலும் அந்தச் சிரிப்பு இருக்கிறது. ஆனால் ஒன்றில்கூட நான் வெர்னாவைப் பார்க்கவில்லை. கேமராவைப் பார்க்கிறேன். கேமராவுக்குப் பின்னால் நின்றது யார், மச்சான்?

கொட்டகையில் நான் வெர்னாவைத்தான் நினைக்கப் பார்த்தேன். ஆனால் அவளை நினைத்தால் எனக்குச் சிரிப்பு வருவதில்லை, அழுகைதான் வருகிறது. சுற்றிலும் ஆட்கள், விளக்குகள். அழுது வைத்தால் மானம் போய்விடும் என்று அவசரத்துக்கு உங்கள் படகை நினைத்தேன். நெருங்கியவர், மனது நிறைந்த நாள் என்று கான்ராய் கேட்டதற்கு அது பொருந்திவிட்டது. நான் சாண்ட்விச் பெட்டியில் குனிந்திருக்கவில்லை. கைப் பிரேக் போடாததை நீங்கள் இறங்கும்போதே பார்த்தேன். சொல்ல வாயைத் திறந்தேன், திறந்த வாயில் சாண்ட்விச்சை வைத்துக்கொண்டேன். ஓப்பலின் தண்ணீர்க் குழாய் மட்டும் உண்மை.

இதைப் படித்ததும் உங்களுக்குக் கோபம் வரும். வரட்டும், விதிப்படி நாலில் இருப்பவனுக்கு ஐந்துதான் மருந்து. போன் பண்ணி எவ்வளவு வேண்டுமானாலும் திட்டுங்கள், ஏறி வருகிறேன். ஆனால் அதற்கு முன்னால் இந்தக் கடைசித் தாளைக் கிழித்துப் போடாமல் வெர்னாவிடம் கொடுத்துவிடுங்கள். மேலே உள்ள தாள்களை நீங்களே வைத்துக்கொள்ளுங்கள், அவையெல்லாம் உங்களுக்கு எழுதியவைதான்.

வெள்ளிக்கிழமை மத்தியான பஸ்ஸில் வருகிறேன். நீங்கள் வாசலுக்கு வர வேண்டாம், கேமராவும் வேண்டாம். கதவை வெர்னா திறக்கட்டும். அவளைப் பார்க்கும்போது என் முகம் எப்படி இருக்கும் என்று எனக்கே தெரியாது. இந்த நாற்பத்தொரு வருடத்தில் அதை யாரும் படம் பிடித்ததில்லை. அது எந்தப் படி என்று அவளே பார்த்துச் சொல்லட்டும்.